தொட்ட காய்

சதுரங்கம் ஆட உட்கார்ந்தால் முதல் காரியமாக அவர் இரண்டு கைகளையும் தொடைக்கு அடியில் கொடுத்துக்கொள்வார். நல்ல வாட்டசாட்டமான மனுஷன். காக்கிச் சட்டை, கழுத்தில் கறுப்புக் கயிற்றில் தொங்கும் விசில், வெற்றிலை போட்டுச் சிவந்த வாய். அப்படிப்பட்டவர் வாத்தியாருக்குப் பயந்த ஒண்ணாங்கிளாஸ் பிள்ளை மாதிரி கையை ஒளித்துக்கொண்டு பலகையை முறைத்துக்கொண்டிருந்தால் யாருக்குத்தான் சிரிப்பு வராது? எனக்கு வந்தது. "என்னண்ணே, கைக்கு வெலங்கா?" என்று கேட்டேவிட்டேன்.

"இந்தக் கை இருக்கே தங்கச்சி, அது நம்ம பேச்சைக் கேக்காது. மூளை சொல்றதுக்கு முன்னாடி ஓடிப்போயித் தொட்டுப்புடும். தொட்டா தொட்டதுதான். அப்பறம் அழுது பொரண்டாலும் அந்தக் காயத்தான் நவுத்தணும்."

அவர் பெரம்பலூர் பஸ் ஸ்டாண்டில் டைம் கீப்பர். எந்த பஸ் எப்போது கிளம்ப வேண்டும் என்று பார்த்து விசில் ஊதுகிற வேலை. எழுபதுகளின் ஆரம்பத்தில் நான் மீன்சுருட்டியிலிருந்து கல்யாணமாகி வந்தபோது, துறையூர் ரோட்டுக்குப் பின்னால் அவர் குடியிருந்த வீட்டின் மறுபாதிக்குத்தான் நாங்கள் குடிபோனோம். இரண்டு பாதிக்கும் நடுவில் பொதுவாக ஒரு நடை. அந்த நடையில்தான் பலகை கிடக்கும். என் வீட்டுக்காரர் கால்நடை ஆஸ்பத்திரியில் கம்பவுண்டர்; அவருக்குச் சீட்டு ஒன்றுதான் ஆட்டம். எனக்கு ஐந்து அண்ணன்மார். அவர்களோடு மல்லுக்கட்டி ஆடியே வளர்ந்தவள் நான். புது ஊரில் பேச ஆளில்லாமல் கிடந்தவளுக்கு அந்தப் பலகையைப் பார்த்ததும் பிறந்த வீட்டு ஆளைப் பார்த்த மாதிரி ஆகிவிட்டது.

முதல் ஆட்டத்திலேயே சண்டை. குதிரையைத் தொட்டேன். தொட்ட பிறகுதான் அது நகர்ந்தால் பின்னாலிருக்கிற மந்திரி போய்விடும் என்று தெரிந்தது. எங்கள் ஊரில் காயை வைத்துக் கையை எடுக்கிற வரைக்கும் மாற்றிக்கொள்ளலாம். விட்டுவிட்டு வேறு காயிடம் போனேன்.

"ம்ஹூம். குதிரையத் தொட்டாச்சு."

"எங்கூர்ல அப்படி இல்லண்ணே."

"இது பெரம்பலூரு."

"நல்லா இருக்கே கதை! சும்மா வெரல் பட்டதுக்கெல்லாமா?"

"வெரல்தான படணும்? வேற என்ன பட்டா ஒத்துக்குவ?"

மந்திரி போயிற்று, ஆட்டமும் போயிற்று. பக்கத்தில் முறத்தை வைத்துக்கொண்டு சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த அவர் சம்சாரம், நான் அண்ணி என்று கூப்பிடுவேன், தலையைத் தூக்காமலே சொன்னார்: "அவருகிட்ட நாயம் பேசாத தங்கச்சி. பொண்ணு பாக்க வந்தன்னிக்கு எங்கக்கான்னு நெனச்சு என்னையப் புடிச்சிருக்குன்னு சொல்லிப்புட்டாரு. அப்பறம் அக்காளக் காட்டுனா, சொன்னது சொன்னதுதான்னுட்டாரு. அதான் நான் இங்க வெங்காயம் உரிக்கிறேன்."

அவர் கடகடவென்று சிரித்தார். "தொட்டது நல்ல காயாத்தான போச்சு?" என்றார். அண்ணி உரித்த தோலை அள்ளி அவர் மேல் போட்டார். அப்படிச் சிரித்த வீடு அது.

இன்னொரு கூத்தும் உண்டு. ஒரு நாள் அண்ணி அரியலூர் பஸ்ஸைப் பிடிக்க வெங்காய மூட்டையைத் தலையில் வைத்துக்கொண்டு ஓடிவருகிறார். இவர் பார்க்கிறார். நன்றாகப் பார்க்கிறார். நேரமாகிவிட்டது என்று விசிலை ஊதிவிட்டார். பஸ் போயே போய்விட்டது. "கட்டுனவ ஓடியாறது கண்ணு தெரியல?" என்று ஸ்டாண்டே கேட்க அண்ணி கத்தினாராம். "ஊதியாச்சுடி, ஊதுன காத்தைத் திருப்பி உள்ள இழுக்க முடியுமா?" என்றாராம் இவர். டிரைவர் கண்டக்டர்கள் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரிப்பார்கள். ஆனால் அவர்கள் எல்லாருக்கும் அவர் மேல் மரியாதை. ஒரு கண்டக்டர் வீட்டுக் காதுகுத்துக்கு வருகிறேன் என்று வாய்தவறிச் சொல்லிவிட்டு, அன்றைக்குப் பார்த்து மருதையாற்றில் வெள்ளம் வந்து பஸ் நின்றுவிட, தண்ணீர் கொஞ்சம் வடிகிற வரைக்கும் கரையில் நனைந்துகொண்டே நின்று, இடுப்பளவு தண்ணீரில் இறங்கி, நடந்தே போய்ச் சேர்ந்தவர் அவர். விருந்தெல்லாம் முடிந்து பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தார்களாம். அந்த மாதிரி மனுஷன்.

அவருடைய மகள் செல்வி. நான் போனபோது பள்ளிக்கூடத்துப் பெண். அப்பனை அந்தப் பலகையில் தோற்கடிக்கக்கூடிய ஒரே ஆள் அவள்தான். தொடுவதுதான் அவருடைய சட்டம் என்று தெரிந்து, விரலைக் காய்க்கு மேலே நூலிழை இடைவெளியில் நிறுத்தி, அப்படியே ஆட்டி ஆட்டிக் காட்டுவாள். "தொடலப்பா... இன்னும் தொடல... தொடவே இல்ல..." அவருக்குக் கழுத்து நரம்பு புடைக்கும். கண்கொட்டாமல் விரலையே பார்ப்பார். கடைசியில் அவள் வேறு காயை எடுத்து வைத்துவிட்டு ஓடிவிடுவாள். தொலைந்துபோன ஒரு வெள்ளை யானைக்குப் பதில் தையல் மெஷின் நூல்கண்டுக் கட்டை ஒன்றை நிறுத்தி, அதற்கு நகப்பூச்சால் கண் வைத்ததும் அவள்தான். ஒற்றைக்கண் யானை என்று பேர் வைத்திருந்தோம்.

எங்கள் பக்கத்து ஆட்டத்துக்கும் பேப்பரில் வருகிற ஆட்டத்துக்கும் வித்தியாசம் உண்டு. முதல் நடையில் சிப்பாய் இரண்டு கட்டம் போவதெல்லாம் எங்களிடம் கிடையாது, ஒரு கட்டம்தான். ராஜாவும் யானையும் சேர்ந்து நகர்ந்து கோட்டை கட்டுவதும் கிடையாது. அதற்குப் பதிலாக ராஜா ஆட்டத்தில் ஒரே ஒரு தரம் குதிரை மாதிரி தாவிக்கொள்ளலாம். ஆனால் அது செக் வாங்குவதற்கு முன்னால். ஒரு தடவை செக் பட்டுவிட்டால் தாவுகிற உரிமை போச்சு. பிறகு ஒவ்வொரு கட்டமாக ஊர்ந்துகொண்டு கிடக்க வேண்டியதுதான். செல்வி அந்தத் தாவலை வைத்துக்கொண்டேயிருந்து, இவர் அடுத்த நடையில் செக் சொல்ல இருக்கிற சமயம் பார்த்துத் தாவுவாள். "எப்பவும் ஒரு நடை முன்னாடி தாவிரணும் ஆயி. அதுல நீ கெட்டிக்காரி," என்று தோற்றதைக்கூடச் சந்தோஷமாகச் சொல்வார்.

சதுரங்கச் சரித்திரம் பேச ஆரம்பித்தால் விடமாட்டார். "இது நம்மூரு ஆட்டம் தங்கச்சி. இங்கேருந்து பாரசீகம் போச்சு. அங்கேருந்து அரபு நாட்டுக்கு, அப்பறம் வெள்ளைக்காரன் கைக்குப் போச்சு. நம்ம மந்திரிய அவன் ராணி ஆக்கிப்புட்டான். ஒரு கட்டம் ஒரு கட்டமா நொண்டிக்கிட்டு இருந்த காயி, இப்ப மூலைக்கு மூலை பறக்குது."

"அங்கயாச்சும் பொம்பளைய நடக்க வுட்டானுவளே," என்பார் அண்ணி வெங்காயத்திலிருந்து.

அமெரிக்காக்காரனும் ரஷ்யாக்காரரும் ஐஸ்லாந்தில் உட்கார்ந்து உலகப் பட்டத்துக்கு ஆடிய வருஷம், டீக்கடைப் பேப்பரை மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்துக்கொண்டே திரிந்தார். அமெரிக்காக்காரன் ஒரு ஆட்டத்துக்கு வராமலே இருந்துவிட்டான் என்றதும் அவர் மனசு அவனை விட்டுப்போய்விட்டது. ஜெயித்தவன் அவன்தான் என்றாலும் தோற்றுப்போன ரஷ்யாக்காரர் கட்சிதான் இவர். எதிராளி நல்ல ஆட்டம் ஆடினான் என்று அந்த மனுஷன் எழுந்து கை தட்டினாராம். அதைச் சொல்லும்போது இவருக்குக் கண் கலங்கும். மூன்று வருஷம் கழித்து அமெரிக்காக்காரன் பட்டத்தைக் காப்பாற்றிக்கொள்ள ஆட வராமலே விட்டுவிட்டான் என்று செய்தி வந்தபோது, "பாத்தியா, நான் அப்பவே சொன்னேன். ஒத்துக்கிட்டா வரணும். வார்த்தைதான் மனுஷன்," என்றார். நானும் ஆமாம் போட்டேன். நல்ல வார்த்தையாகத்தான் அப்போது பட்டது.

அதற்கு அடுத்த தையில் செல்விக்கு மாப்பிள்ளை வந்தான். குன்னத்துப் பக்கம். பருத்தியும் வெங்காயமும் போடுகிற காடு இருந்தது. பையன் பார்க்க வாட்டமாக இருந்தான், அதிகம் பேசவில்லை. வெற்றிலை பாக்கு மாற்றினார்கள். செல்வி என் பட்டுப்புடவையைத்தான் கட்டிக்கொண்டு சபையில் வந்து கும்பிட்டாள்.

ஒரு வாரம் போயிருக்கும். சாயங்காலம் குன்னம் ரூட் கண்டக்டர், அந்தக் காதுகுத்து வீட்டுக்காரர்தான், வீட்டுக்கே வந்துவிட்டார். உட்காரவில்லை.

"அண்ணே, சொல்லாம இருக்க மனசு கேக்கல. நேத்து அந்தப் பயலைப் பாத்தேன். தண்ணியப் போட்டுட்டு நடுரோட்டுல பெத்தவளைப் போட்டு அடிக்கிறான். ஆளுங்க புடிச்சும் அடங்கல. என் பஸ்ஸே நின்னு போச்சு. ஊர்ல விசாரிச்சா, இது அவனுக்கு வழக்கந்தான்றாங்க. வேணாம்ணே. பாப்பாவுக்கு அவன் வேணாம்ணே."

இவர் பலகையைப் பார்த்தபடியே இருந்தார். கை இரண்டும் தொடைக்கு அடியில்.

அண்ணி முறத்தைத் தள்ளிவிட்டு எழுந்தார். "நாளைக்கே ஆளனுப்பி நிறுத்திப்புடுங்க."

"வெத்தல மாத்தியாச்சு."

"மாத்துனா? தலையவா எடுத்துருவானுவ?"

"சபையில பத்துப் பேரு முன்னாடி குடுத்த வார்த்தடி. நாளைக்கு எவன் மூஞ்சில முழிக்கிறது?"

எனக்குத் தாங்கவில்லை. "அண்ணே, இது என்ன சதுரங்கமா? பொண்ணுண்ணே!" என்றேன்.

"அதான் தங்கச்சி. வெறும் மரக்கட்டையிலயே திருப்பி எடுக்காதவன், இதுல எப்படி எடுப்பேன்?"

அந்தப் பதிலை இன்றைக்கும் நான் மறக்கவில்லை. அவருக்கு அது சரியாகப் பட்டது. அதுதான் கொடுமை. கெட்டவராக இருந்திருந்தால் திட்டிவிட்டுப் போயிருப்பேன்.

செல்வி உள்ளேயிருந்து வந்தாள். எல்லாம் கேட்டிருக்கிறாள். அழவில்லை. பலகைக்கு எதிரே உட்கார்ந்து, ராஜாவுக்கு மேலே விரலை நிறுத்தினாள். வழக்கமான இடைவெளிதான், ஆனால் ஆட்டிக் காட்டவில்லை.

"அப்பா. எனக்கு இன்னும் செக் வைக்கலப்பா. இப்பத் தாவிக்கிறேனே. ஒரே ஒரு தரம்."

ரொம்ப நேரம் அவர் அந்த விரலைப் பார்த்தார். சரி என்று சொல்லிவிடுவார், இதோ சொல்லிவிடுவார் என்று நான் அவர் வாயையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"கால்கட்டுப் போட்டா அடங்கிருவான் ஆயி," என்றார். "எல்லாம் சரியாப் போயிரும்."

விரலை எடுத்துக்கொண்டு எழுந்து போனாள். கல்யாணம் நடந்தது. வந்தவர்கள் எல்லாம் சொன்ன சொல் தவறாத மனுஷன் என்று அவரைப் பாராட்டிவிட்டுப் பாயசம் குடித்துவிட்டுப் போனார்கள்.

ஆடி கழிந்து ஒரு மத்தியானம் செல்வி குன்னம் பஸ்ஸில் வந்து இறங்கினாள். உதடு கிழிந்திருந்தது. கையில் பை கூட இல்லை. பஸ் ஸ்டாண்டில் முதலில் அவரிடம்தானே போவாள்? போனாள். என்ன பேசிக்கொண்டார்கள் என்று தெரியாது. டீயும் பன்னும் வாங்கிக் கொடுத்தாராம். அவள் தின்று முடிக்கிற வரைக்கும் பக்கத்திலேயே நின்று முதுகைத் தடவிக்கொண்டிருந்தாராம். பிறகு அவள் வந்த பஸ்ஸிலேயே, ஜன்னலோரத்து சீட்டில் ஏற்றி உட்கார வைத்தார். வீட்டுக்குக்கூட அழைத்து வரவில்லை. அம்மாவைப் பார்த்தால் அழுவாள், அழுதால் மனசு மாறிவிடும் என்று நினைத்திருப்பார். யார் மனசு என்று எனக்குத் தெரியும்.

நேரம் ஆயிற்று. கண்டக்டர் படியில் நின்றபடி, "ஊதாதீங்கண்ணே," என்றாராம். "நான் எவ்வளவு நேரம் வேணாலும் நிக்கிறேன். ஊதாதீங்க."

ஊதினார்.

இதைக் கண்டக்டர் வந்து சொன்ன அன்றைக்கு நான் நடையில் நின்று அவரை வாய்க்கு வந்தபடி பேசினேன். "நீங்க மனுஷனா கட்டையா?" என்று கேட்டேன். அவர் தலையைக் குனிந்துகொண்டு, "அடுத்த தரம் வந்தா கூட்டிட்டு வந்துர்றேன் தங்கச்சி," என்றார். "அடுத்த தரம் அனுப்ப மாட்டேன்."

அடுத்த தரம் செல்வி வரவில்லை. குன்னம் பஸ்தான் வந்தது. கண்டக்டர் இறங்கி அவர் முன்னால் போய் நின்றார். கையை நீட்டி, அவர் கழுத்தில் தொங்கிய விசிலைப் பிடித்துக்கொண்டு விசும்பினார். கிணற்றில் கிடந்தாள் என்றார்கள். கால் வழுக்கி விழுந்தாள் என்றது அவர்கள் வீடு. வீட்டுக் கிணற்றில் தினமும் தண்ணீர் இறைத்துக் குடித்தவளுக்குக் கால் வழுக்குமா? ஊரில் ஒருத்தரும் வாயைத் திறக்கவில்லை.

அன்றைக்கு யாரும் விசில் ஊதாமல் ஸ்டாண்டில் பஸ்கள் தம் பாட்டுக்கு நின்றுகொண்டிருந்தன. கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு ஒவ்வொன்றாகத் தாமாகவே கிளம்பிப் போயின.

அதற்குப் பிறகும் அவர் வேலைக்குப் போனார். ஆனால் ஊத முடியவில்லை. விசிலை வாயில் வைத்துக்கொண்டு அப்படியே நிற்பார். டிரைவர்கள் அவர் முகத்தைப் பார்த்துவிட்டு, அவரைச் சங்கடப்படுத்தாமல் பஸ்ஸை எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். தூரத்தில் ஒரு பொம்பளை ஓடிவந்தால் போதும், நகர்கிற பஸ்ஸுக்கு முன்னால் போய் இரண்டு கைகளையும் விரித்துக்கொண்டு நிற்பார். "ஆளு வருது, ஆளு வருது" என்று கத்துவார். மூட்டையும் முடிச்சுமாக ஓடிவந்த பெண்கள் அவரைக் கும்பிட்டுவிட்டு ஏறிப்போவார்கள். நான் ஒரு நாள் அதைக் கண்ணால் பார்த்தேன். பார்க்காமலே இருந்திருக்கலாம்.

அண்ணி சண்டை போடவில்லை, பிறந்த வீட்டுக்குப் போகவில்லை. சோறு போட்டார், காக்கிச் சட்டையைத் துவைத்துப் போட்டார். பேசுவதை மட்டும் விட்டுவிட்டார். அவரைப் பார்த்து ஒரு வார்த்தை கிடையாது. வெங்காயம் உரிப்பதை அடுப்படிக்குள் வைத்துக்கொண்டார்.

கொஞ்ச நாளில் எங்களுக்கு அரியலூருக்கு மாற்றலாகிவிட்டது. எண்பதுகளில் ஒரு வளைகாப்புக்காகப் பெரம்பலூர் போனபோது, மனசு கேட்காமல் அந்த வீட்டுக்கும் போனேன். அவர் வேலையிலிருந்து ஓய்வு பெற்றிருந்தார். பாதியாக இளைத்துப்போயிருந்தார். கழுத்து வெறுமையாக இருந்தது. என்னைப் பார்த்ததும் பலகையை எடுத்துக்கொண்டு வந்து நடையில் போட்டார். காய்களை அடுக்கினார். ஒற்றைக்கண் யானை இன்னும் இருந்தது. நகப்பூச்சு கொஞ்சம் உரிந்திருந்தது.

ஆடினோம். கையை அவர் வெளியேதான் வைத்திருந்தார். ஆட்டம் பாதியில் எனக்குக் கவனம் சிதறிவிட்டது. அந்தக் கட்டையையே பார்த்துக்கொண்டிருந்தவள், மந்திரியைத் தொட்டுத் தூக்கிவிட்டேன். எங்கே நகர்த்தினாலும் போய்விடும். பழைய நினைப்பில், "தொட்டுட்டேன்ணே. நவுத்துறேன்," என்றேன்.

"வேணாம்."

நிமிர்ந்து பார்த்தேன்.

"திருப்பி வச்சிரு தங்கச்சி. ஒண்ணும் ஆயிடாது. திருப்பி வச்சிரு."

எடுத்த இடத்திலேயே வைத்தேன். உடனே அவர் தான் கடைசியாக நகர்த்திய குதிரையைப் பழைய இடத்துக்கு எடுத்துவைத்தார். "உன் சிப்பாய் இங்கேருந்துதான வந்துச்சு?" என்று என் சிப்பாயைப் பின்னுக்கு நகர்த்தினார். அதற்கு முந்தியது, அதற்கும் முந்தியது. ஒன்றுவிடாமல் அவருக்கு ஞாபகம் இருந்தது. வெட்டுப்பட்டு ஓரத்தில் கிடந்த காய்களை ஒவ்வொன்றாக எடுத்து, துண்டால் துடைத்து, அது நின்ற கட்டத்திலேயே நிறுத்தினார். அவசரமே இல்லை. அண்ணி அடுப்படி வாசலில் வந்து நின்றதை நான் பார்த்தேன். அவர் பார்க்கவில்லை.

கடைசியாக அந்த நூல்கண்டுக் கட்டைதான் மிச்சம். அதை இரண்டு கையாலும் எடுத்து மூலையில் வைத்தார். நகப்பூச்சுக் கண் தன் பக்கம் பார்க்கிற மாதிரி திருப்பி வைத்தார்.

"இப்ப எல்லாரும் வூட்டுல இருக்காங்கல்ல?" என்றார்.

"இருக்காங்கண்ணே," என்றேன். வேறென்ன சொல்ல?

"அப்ப இப்படியே இருக்கட்டும் தங்கச்சி. யாரும் தொட வேணாம்."

அடுப்படி வாசலில் அண்ணி முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அழுதார். அவர் இரண்டு கைகளையும் தொடைக்கு அடியில் வைத்துக்கொண்டு பலகையைப் பார்த்தபடி உட்கார்ந்தார். நானும் என் கைகளை அப்படியே வைத்துக்கொண்டு அவருக்கு எதிரே உட்கார்ந்திருந்தேன்.